சொல்லிவிட்டு அடிக்கும் தவளை

ரெங்கநாயகிக்கு, என் ரெங்கிக்கு,

உன் கோபம் தணிந்ததா இல்லையா என்று தெரியாமலே எழுத உட்கார்ந்திருக்கிறேன். நீ போய்ப் பதினான்கு மாதம் ஆகிவிட்டது. இருந்தபோது உனக்கு ஒரு கடிதம்கூட நான் எழுதியதில்லை. நீ தாய்வீடு போனாலும் ராஜபாளையத்துக்கும் ஸ்ரீவில்லிபுத்தூருக்கும் நடுவில் அரை மணி நேர பஸ்தானே, இதற்கு எதற்குத் தபால் என்று இருந்துவிட்டேன். எழுதிப் பழகாத கை, தப்பு இருந்தால் பொறுத்துக்கொள்.

இங்கே பெரிதாக ஒரு விசேஷமும் இல்லை. மில்லில் இன்னும் முதல் ஷிப்டுதான். ரெண்டு மணிக்குச் சங்கு ஊதியதும் சைக்கிளை எடுத்துக்கொண்டு வீடு வந்து, காலையில் வடித்த சோற்றில் மோரை ஊற்றிச் சாப்பிட்டுவிட்டு டிவி முன்னால் உட்கார்கிறேன். நேற்றும் அப்படித்தான். வீடியோ கேமைப் போட்டுத் தவளையைப் பார்க்கப் போனேன். கத்தியை ஓங்கவில்லை. அது பாட்டுக்கு அங்கேயும் இங்கேயும் தாவிக்கொண்டிருந்தது. நான் ஒரு மூலையில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். நாற்பதை நெருங்குகிற ஆம்பளை செய்கிற வேலையா இது என்று கேட்க வீட்டில் ஆள் இல்லை.

இந்தக் கடிதம் வேறு யார் கண்ணிலாவது பட்டால் அவர்களுக்குத் தவளை யார் என்று தெரியாது. அதனால் உனக்குத் தெரிந்த கதையையே திரும்பச் சொல்கிறேன். நீ செத்த நேரம் சும்மா கேட்டுக்கொண்டிரு.

தொண்ணூற்று நாலில் பட்டாளத்திலிருந்து லீவில் வந்த என் அண்ணன், நேபாள எல்லைக் கடைத்தெருவில் தன் பிள்ளைகளுக்கென்று வாங்கி வந்த வீடியோ கேம் பெட்டி அது. பிள்ளைகள் படிப்புக் கெட்டுப்போகும் என்று மதினி அதைச் சேத்தூர் வீட்டிலிருந்து துரத்திவிட, படிக்கிற பிள்ளை இல்லாத நம் வீட்டுக்கு வந்து சேர்ந்தது. கூடவே ஒரே ஒரு கேசட். கத்தி வைத்த வீரன் ஒருவன் ஒரு கோட்டை முற்றத்தில் நிற்பான். முற்றத்துக்கு நாலு வாசல். ஒவ்வொரு வாசலுக்குள்ளும் காடு, குகை, குட்டிப் பேய்கள், கடைசியில் ஒரு பெரிய அரக்கன். அவனை பாஸ் என்று சொல்லணும் என்றான் அண்ணன். "உங்க மில் மேனேஜர் மாதிரியா?" என்று நீ என்னைக் கேட்டாய்.

நான் முதல் நாளே வலது பக்க வாசலுக்குள் போனேன். அங்கே இருந்தவன்தான் கொம்பன். மூச்சு விட இடம் கொடுக்க மாட்டான். கண்ணை மூடித் திறப்பதற்குள் கொம்பால் குத்திவிட்டு அந்தப் பக்கம் போய் நிற்பான். மூன்று வாரம் தினமும் ஷிப்டு முடிந்து வந்து அவனிடம் குத்துப்பட்டுச் செத்தேன். இந்த விளையாட்டை யாராலும் ஜெயிக்க முடியாது, அண்ணனை ஏமாற்றிவிட்டார்கள் என்றே முடிவு கட்டிவிட்டேன்.

நீ முறத்தில் அரிசி பார்த்துக்கொண்டே அத்தனை நாளும் வேடிக்கை பார்த்தாய். ஒருநாள் பொறுக்காமல் வாயைத் திறந்தாய்.

"ஏங்க, இடது பக்கமும் ஒரு வாசல் இருக்கே. அதுல போனா என்ன?"

"முதல்ல வலது பக்கம் போயிட்டுத்தான் மத்தது."

"யாரு சொன்னா?"

"யாரு சொல்லணும்? எந்த ஊர்லயாவது இடமா சுத்துவாவளா?"

"அது கோயில்ல. இது என்ன கோயிலா? கொம்பனுக்கு நேர்த்திக்கடனா வச்சிருக்கீய, தெனமும் போயி குத்து வாங்க?"

ஆண்டாள் கோயில் தேர் ஓடுகிற தெருவில் பிறந்து வளர்ந்தவள், என்னிடம் இப்படிக் கேட்டாய். எனக்குச் சிரிப்பும் வந்தது, ரோஷமும் வந்தது. நீயே போய்ப் பார் என்று பெட்டியை உன் கையில் கொடுத்தேன்.

இடது வாசலுக்குள் இருந்ததுதான் தவளை. வீடு பருமன் இருக்கும். ஆனால் தாவுவதற்கு முன்னால் தொண்டையை உப்ப வைத்து, பின்னங்காலை மடக்கி, ஒன்று ரெண்டு எண்ணுகிற நேரம் உட்கார்ந்திருக்கும். அதற்குள் நாம் ஒதுங்கிவிடலாம். தாவி விழுந்ததும் எழுந்திருக்க முடியாமல் திணறும், அப்போது நாலு வெட்டு போடலாம். புதிதாக ஆடுகிறவர்கள் கற்றுக்கொள்ளட்டும் என்றே அதைச் செய்து வைத்திருக்கிறார்கள். மூன்றாவது தடவையிலேயே நீ அதை வீழ்த்திவிட்டாய். "பாவங்க இது, சொல்லிட்டுல்லா அடிக்குது" என்று திரும்பி என்னைப் பார்த்தாய். அந்தச் சிரித்த முகத்தை நான் பார்த்து ரெண்டு வருஷம் ஆகியிருந்தது.

ஏன் என்று உனக்கும் எனக்கும் தெரியும். ரெண்டு பிள்ளை வயிற்றில் தங்காமல் போன வீடு இது. அதன் பிறகு நீ எதிலும் ஜெயித்து நான் பார்க்கவில்லை. அன்றைக்கு ஒரு பச்சைத் தவளை உன்னைச் சிரிக்க வைத்தது. இந்தச் சிரிப்பைக் கெட்டுப்போக விடக் கூடாது என்று எனக்குள் ஒரு கிறுக்கு பிடித்துக்கொண்டது.

ஆடிப்பூரத்துக்கு நீ ஸ்ரீவில்லிபுத்தூர் போய்ப் பத்து நாள் இருந்தாய் அல்லவா? அந்தப் பத்து நாளும் நான் மற்ற வாசல்களை எல்லாம் பார்த்தேன். மேல் வாசலில் ஒரு மரம். நகராது, பழத்தை மட்டும் உதிர்க்கும், வேரில் வெட்டினால் போதும். அதை உனக்கென்று விட்டு வைத்தேன். கீழ் வாசலில் பாம்பு, வலது வாசலில் கொம்பன். இவன்கள் ரெண்டு பேரும் உன்னை அழ வைப்பான்கள் என்று நானே மல்லுக்கட்டி முடித்தேன். பாஸை அடித்ததும் திரையில் ஒரு வரிசை எழுத்து வரும், அதை எழுதி வைத்து மறுநாள் போட்டால் விட்ட இடத்திலிருந்து தொடரலாம். நாள்காட்டித் தாளின் பின்பக்கம் எழுதி வைத்துக்கொண்டேன். நீ வந்ததும் ஒன்றும் தெரியாதவன் போல அந்த எழுத்தைப் போட்டு உன்னிடம் கொடுத்தேன். "மத்த ரெண்டு வாசலும் அடைச்சுக் கிடக்கே?" என்று கேட்டாய். "தானா அடைச்சிருக்கும்" என்றேன். மரத்தை வெட்டிவிட்டு அன்றைக்கும் சிரித்தாய்.

சட்டை துவைக்கும்போது பையில் இருந்த தாள் உன் கையில் கிடைத்தது. மூன்று நாள் பேச்சில்லை. சோறு வந்தது, குழம்பு வந்தது, குரல் வரவில்லை. நாலாம் நாள் காலையில் ஷிப்டுக்குக் கிளம்பும்போது வாசலை மறித்து நின்றுகொண்டாய்.

"நான் தோத்தா தோத்துட்டுப் போறேன். அது என் தோல்வி. அதைக்கூட நீங்க வாங்கி வச்சுக்கிடணுமா?"

நீ முதலிலிருந்து ஆரம்பித்தாய். மரத்திடம் போகவில்லை, தவளையைக்கூடப் பார்க்கவில்லை. நேரே கொம்பனிடம் போனாய். புரட்டாசி முழுக்கத் தோற்றாய். நான் பக்கத்தில் உட்கார்ந்து "இப்ப குனி, இப்ப ஒதுங்கு" என்று சொன்னால் ஒரு பார்வை பார்ப்பாய், அதோடு நான் எழுந்து கொல்லைப்பக்கம் போய்விடுவேன். தீபாவளிக்கு முந்தின வாரம் ஷிப்டு முடிந்து வந்தேன். நீ அடுப்படியில் வெங்காயம் நறுக்கிக்கொண்டிருந்தாய். தலையைத் தூக்காமலே, "கொம்பன் போயிட்டான்" என்றாய். "நெசமாவா?" என்று கேட்டேன். "ஏன், உங்க சட்டைப்பையில இருந்த சீட்டைப் பாத்தா அடிச்சேன்?" என்றாய். அப்புறம் ரெண்டு பேரும் சேர்ந்து சிரித்தோம்.

ஆக, நீ எப்படிப்பட்டவள் என்று எனக்குத் தெரியும். தெரியாமல் செய்தேன் என்று சொல்லித் தப்பிக்க எனக்கு வழியில்லை.

அதற்கு ரெண்டு வருஷம் கழித்து உடம்பெல்லாம் நீலம் நீலமாகக் கன்றியது என்று உன்னை மதுரைக்குக் கூட்டிப் போனேன். ரத்தத்தில் புற்று, ஒரு வருஷம் தாண்டுவது கஷ்டம் என்று டாக்டர் என்னை மட்டும் வெளியே கூப்பிட்டுச் சொன்னார். ஊர் திரும்பும் பஸ்ஸில் திருமங்கலம் தாண்டியதும் கேட்டாய்.

"டாக்டர் என்ன சொன்னாவ?"

"ரத்தம் கம்மியாம். டானிக் எழுதியிருக்காவ."

"அம்புட்டுதானா?"

"அம்புட்டுதான்."

என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாய். பிறகு ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டாய். ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ் ஸ்டாண்டில் வண்டி நின்றபோது, "இறங்கி அம்மாவை ஒரு எட்டு பாத்துட்டுப் போவமா?" என்றாய். உன் அம்மாவின் முகத்தைப் பார்த்தால் நான் உடைந்துவிடுவேன் என்று பயம் எனக்கு. "நேரமாச்சு, பொறவு வருவோம்" என்றேன். பஸ் கிளம்பிவிட்டது.

சீக்காளியிடம் சீக்கைச் சொல்லக் கூடாது என்பது நம் பக்கத்து வழக்கம். வீட்டில் எல்லாருக்கும் தெரிந்திருக்கும், படுத்திருப்பவருக்கு மட்டும் தெரியாது. நான் அதிலும் ஒரு படி மேலே போய் அத்தையிடமும் மறைத்தேன். அவர்களுக்குத் தெரிந்தால் அழுவார்கள், அழுதால் உனக்குத் தெரிந்துவிடும் என்று கணக்குப் போட்டேன். "மாப்ள, அவ ரொம்ப மெலிஞ்சிருக்கா. நான் ஒரு மாசம் வந்து கூட இருக்கட்டா?" என்று கேட்டார்கள். "மார்கழி மாசம் கோயிலை விட்டுட்டா அத்தை? தை பொறக்கட்டும்" என்றேன். தை பிறந்தது. அதற்கும் ஒரு சாக்குச் சொன்னேன். கடைசி ஒன்பது நாள்தான் அவர்கள் உன் பக்கத்தில் இருந்தது. அப்போது நீ பாதி நேரம் நினைவில் இல்லை.

அந்தச் சீக்கு நமக்குச் சொல்லிவிட்டுத்தான் வந்தது, ரெங்கி. பதினோரு மாதம் முன்னாடியே சொன்னது. அதை நான் உன்னிடம் சொல்லவில்லை. அவ்வளவுதான் நான் செய்தது, ஆனால் அது சின்ன விஷயமில்லை என்று இப்போது தெரிகிறது. தெரிந்திருந்தால் நீ என்ன செய்திருப்பாய்? அம்மா மடியில் தலை வைத்துக் கிடந்திருப்பாயா? கல்யாணச் சேலையை யாருக்குக் கொடுக்க வேண்டும் என்று சொல்லியிருப்பாயா? என்னை நாலு வார்த்தை திட்டியிருப்பாயா?

இல்லை, அந்த பஸ்ஸிலேயே உனக்குத் தெரிந்துவிட்டதா? தெரிந்தும், நான் தாங்க மாட்டேன் என்பதற்காகத் தெரியாதவள் போல இருந்தாயா? அப்படியென்றால் பதினோரு மாதம் ஒரே வீட்டில் நீ ஒரு மூலையிலும் நான் ஒரு மூலையிலும் தனித்தனியாக அழுதிருக்கிறோம். அதை நினைத்தால் எனக்குச் சாப்பாடு இறங்குவதில்லை.

ஞாயிற்றுக்கிழமை தோறும் அத்தை வீட்டுக்குப் போகிறேன். உனக்குத் தெரியாது, நீ போன பிறகு ஏற்பட்ட வழக்கம் இது. எனக்கென்று சுண்டவத்தக் குழம்பு வைத்து, ரெண்டு தடவை சோறு போடுவார்கள். வாரம் பூராவும் "சாப்பிட்டீயளா" என்று என்னைக் கேட்கிற ஒரே ஆள் அவர்கள்தான். அந்த ஒரு மணி நேரத்துக்காகத்தான் மற்ற ஆறு நாளையும் தள்ளுகிறேன்.

போன ஞாயிறு இலையில் மோர் ஊற்றிக்கொண்டே அழ ஆரம்பித்துவிட்டார்கள். "பெத்தவ கண்ணு எப்படி மாப்ள அவிஞ்சு போச்சு? புள்ள மெலியுதுன்னு தெரிஞ்சும் டானிக்கு போதும்னு இருந்துட்டேனே. நீங்க வேலைக்குப் போற ஆம்பள, உங்களுக்கு என்ன தெரியும்? நானுல்லா கண்டுபிடிச்சிருக்கணும். என் புள்ளைய நானே கவனிக்காம விட்டுட்டேன்" என்று தலையில் அடித்துக்கொண்டார்கள். நான் இலையைப் பார்த்துக் குனிந்து மோர்ச்சோற்றைச் சாப்பிட்டு முடித்தேன். பஸ்ஸில் திரும்பி வரும்போது அசிங்கமாக இருந்தது.

நாளை ஞாயிறு. காலை பஸ்ஸுக்குப் போகிறேன். இலை போடுவதற்கு முன்னாடியே, அவர்களை உட்கார வைத்து எல்லாவற்றையும் சொல்லப்போகிறேன். டாக்டர் சொன்னது, பஸ் ஸ்டாண்டில் நீ கேட்டது, நான் சொன்ன சாக்கு எல்லாம். அவர்கள் அடிக்கலாம், மண்ணை வாரித் தூற்றலாம், இந்த வாசல் மிதிக்காதே என்று சொல்லலாம். சொன்னால் வந்துவிடுவேன். அதற்குப் பிறகு என் ஞாயிற்றுக்கிழமை எப்படி இருக்கும் என்று நினைக்கவே பயமாக இருக்கிறது. ஆனாலும் பெற்ற பிள்ளையைத் தானே சாக விட்டதாக நினைத்துக்கொண்டு அந்த அம்மா எனக்கு இன்னொரு வாய் சோறு போடக் கூடாது. இது உன்மேல் சத்தியம்.

என்றும் உன் வீட்டுக்காரன்,
நாளை மத்தியானம் வரைக்குமாவது உன் அம்மாவுக்கு மாப்பிள்ளை.