குட்டிகளுக்குக் கவசம் கிடையாது

10 மே 1987, ஞாயிறு

ஏ.எஸ்.ராவ் நகரில் பழனிசாமி அண்ணா வீட்டுக்குப் போய் வந்தோம். எலக்ட்ரானிக்ஸ் கம்பெனி வேலை போக மிச்ச நேரமெல்லாம் அவருக்கு ஹாம் ரேடியோதான். அது இருப்பதால்தான் அண்டார்க்டிகாவில் குளிர்காலம் முழுக்க அடைந்து கிடக்கும் என் வீட்டுக்காரரின் குரலை மாதம் ஒரு முறையாவது கேட்கிறேன். பேசி முடித்து ‘ஓவர்’ சொன்னால்தான் மறுமுனை பேச முடியும். எனக்கு இரண்டு ஓவர், மிச்சமெல்லாம் பாமாவுக்கு. ஒன்பது வயது வாய்க்கு அதுவும் போதவில்லை.

என் வீட்டுக்காரர் பாறை ஆராய்ச்சிக்காரர். போன வருஷம் அந்தக் கண்டத்தின் மறுகோடியில் அர்ஜெண்டினாக்காரர்கள் ஒரு கவச டைனோசரின் எலும்பைக் கண்டெடுத்தார்களாம். அங்கே கிடைத்த முதல் டைனோசர். இவர் இருக்கும் பக்கம் எலும்பே கிடைக்காத பாறை. ஆனாலும் மகளுக்குக் கதை அதுதான்.

“டாடி, அந்தச் சீகட்லோ அதுக்கு பயம் வேயதா? ஓவர்!”

மாதக்கணக்கில் இருட்டென்றால் அதற்குப் பயமாக இருக்காதா என்று பாதித் தெலுங்கில் கேட்கிறாள். இரைச்சலில் பதில் வரவில்லை. பஸ் ஹப்சிகுடா வரும் வரை என்னோடு சண்டை.

30 மே

பாமாவுக்குக் காய்ச்சல். லீவு நாளில் வந்ததே என்று அவளுக்குக் கோபம்.

3 ஜூன்

மூளைக் காய்ச்சலாம். என்னை அடையாளம் தெரியவில்லை அவளுக்கு.

5 ஜூன்

பாமா போய்விட்டாள்.

11 ஜூன்

கொழுந்தனார் வாசுதான் எல்லாம் செய்தார். இன்று என் வீட்டுக்காரரின் ஆபீஸிலிருந்து ஒருவர் வந்தார். டிசம்பர் வரை கப்பல் கிடையாது. சொன்னாலும் இவரால் வர முடியாது.

“அங்க இப்ப சூரியனே உதிக்காதும்மா. அந்த இருட்டுல மனசு விட்டுட்டா என்ன ஆகும்? சொல்றதா வேணாமான்னு நீங்கதான் முடிவு பண்ணணும்.”

“வேணாம் அண்ணி” என்கிறார் வாசு. பொறுப்பை என் தலையில் கட்டிவிட்டு இரண்டு பேரும் டீ குடித்தார்கள்.

14 ஜூன், ஞாயிறு

சொல்லவில்லை. பாமா எங்கே என்றார். சிநேகிதி வீட்டுக்குப் போயிருக்கிறாள் என்றேன்.

“பயமா இருக்காதான்னு கேட்டாளே, அந்தக் காலத்துல அங்க பனிப்பாறை கிடையாது, காடுன்னு சொல்லு. முதுகு பூரா எலும்புத் தகடு, கண்ணுக்கு மேலகூட ஒரு முள்ளு. அது எதுக்குப் பயப்படணும்? ஓவர்.”

“சொல்றேங்க. ஓவர்.”

பழனிசாமி அண்ணா கருவியையே பார்த்துக்கொண்டிருந்தார். அவர் மனைவி கனகம் எழுந்து உள்ளே போய்விட்டார்.

12 ஜூலை, ஞாயிறு

அவளுக்குத் தொண்டை கட்டியிருக்கிறது என்று பொய். கேள்வியே வராவிட்டால் சந்தேகப்படுவாரே! அவள் கேட்கச் சொன்னதாக நானே ஒன்று கேட்டேன்.

“குட்டிக்கும் பொறக்கும்போதே அந்தக் கவசம் உண்டான்னு கேக்கறா. ஓவர்.”

“கெட்டிக்காரி! இதோட குட்டி இன்னும் யாருக்கும் கிடைக்கல. ஆனா இந்த ஜாதியில குட்டிக்குக் கவசம் சரியா வந்திருக்காது. வளர வளரத்தான் தகடு கட்டும். ஓவர்.”

என் முறை. பொத்தானை அழுத்தினேன். ஏன் அதைக் கேட்டேன்? இதைத் தெரிந்துகொண்டு என்ன செய்யப்போகிறேன், பாவி? அண்ணாதான் மைக்கை வாங்கி, சிக்னல் சரியில்லை என்று முடித்தார்.

28 ஜூலை

அங்கே சூரியன் வந்துவிட்டதாம். அண்ணா வீடு தேடி வந்து சொன்னார். இனி எனக்கு என்ன சாக்கு? மகள் போனது தெரியாமல் ஒரு மனுஷன் சிரிப்பதை இன்னொரு தடவை என்னால் கேட்க முடியாது. வாசு என்ன வேண்டுமானாலும் சொல்லட்டும்.

9 ஆகஸ்ட், ஞாயிறு

சொல்லிவிட்டேன்.

“பாமா இல்லீங்க. ஜூன்லயே போயிட்டா. மூளைக் காய்ச்சல். ஓவர்.”

வெறும் இரைச்சல். பிறகு அங்கிருக்கும் டாக்டர் பேசினார், இங்கிலீஷில். எல்லாரும் அவர் கூடவே இருக்கிறார்களாம்.

27 மார்ச் 1988

டிசம்பரில் அங்கே போன கப்பல் வேலை முடிந்து இப்போதுதான் திரும்பியது; நேற்று வந்தார். தாடியும் ஒட்டிய கன்னமுமாக, பாமாவின் படத்துக்கு முன்னால் வெகுநேரம் உட்கார்ந்திருந்தார். ஏன் மறைத்தாய் என்று கேட்பார் என்றுதான் பதிலெல்லாம் தயார் செய்து வைத்திருந்தேன். அதைக் கேட்கவில்லை.

“என்கிட்டயும் சொல்லல. அப்ப நீ யார்கிட்ட அழுத நீலா?”

“யார்கிட்டயும் இல்லீங்க” என்றேன்.

அதற்குப் பிறகுதான் அழுதேன்.