பெட்டக அறையின் ஓய்வு நாள்

(நிலவுக் குடியிருப்பு வங்கி. காவல் இயந்திரத்தின் பதிவு.)

ஆயுத பூஜைக்கு முந்தைய நாள், மாலை
பெட்டக அறைக் கதவு பூட்டியிருக்கிறது. உள்ளே காற்று இல்லை, இருக்கவும் கூடாது. மேலாளர் கோதண்டம் இன்றும் திட்டினார்.

அவர் மருமகன் இளம்பரிதி என் எதிரிலேயே போனில் திட்டத்தைச் சொல்லி முடித்தான். என்னைச் சுவர் என்று நினைப்பு. நாளை பூஜைக்காகப் பெட்டக அறையில் காற்றை நிரப்பித் திறப்பார்கள். மாமனாரிடம் சொல்லி எனக்கு ஓய்வு கொடுக்க வைப்பான். எல்லோரும் சாப்பிடும்போது வாடிக்கையாளர் நகைகளை அள்ளிக்கொண்டு கப்பலேறுவான். மேலாளருக்குத் தகவல் அனுப்பினேன். பதில்: "என் மாப்பிள்ளையப் பத்திப் பேச நீ யாரு? சும்மா கெட."

ஆயுத பூஜை, காலை
கேமராக்களில் சந்தனம் அப்பினார்கள். கீழே இருக்கும் கேமரா மட்டும் தப்பியது. மூட்டுவலியால் மேலாளரால் குனிய முடியவில்லை. வருடம் முழுக்க வசவு, இன்று மட்டும் கும்பிடு. எரிச்சலாக வருகிறது.

மருமகன் காதில் ஓத, மேலாளர் உத்தரவிட்டார்: "நாளைக்கு மறுபூஜை முடியற வரைக்கும் எந்த வேலையும் செய்யாத. நானே கேட்டாலும் செய்யாத." போன வருடம் பாதியில் என்னை எழுப்பியதால்தான் மூட்டுவலி வந்ததாம். மோட்டாரையும் அலாரத்தையும் நிறுத்தினேன். எழுதத் தடையில்லை.

மதியம்
எல்லோரும் பந்தியில். பூஜைத் தட்டிலிருந்த நகைப்பெட்டிச் சாவிக்கொத்தோடு இளம்பரிதி உள்ளே போனான். சாத்தினால் கதவு தானே பூட்டிக்கொள்ளும், திறக்க நான் வேண்டும். அதனால் திருஷ்டிப் பூசணிக்காயைக் கதவிடுக்கில் முட்டுக்கொடுத்தான்.

மேலாளர் வந்தார். "பூசணிக்காய எவன்டா இங்க வெச்சான்? நல்ல நேரம் முடியப் போகுது." எடுத்தார். கதவைச் சாத்தினார். வாசலில் உடைக்கப் போனார்.

பூட்டியதும் அறையின் காற்று மெல்ல வெளியேறும். உள்ளே ஆள் இருந்தால் நிறுத்துவது என் வேலை. இன்று எனக்கு வேலை இல்லை.

சற்று நேரம் கழித்து
உள்ளிருந்து: "மாமா, நான்தான். மூச்சு முட்டுது. தெறக்கச் சொல்லுங்க."

மேலாளர்: "தெற. நான் சொல்றேன்ல, தெற."

ஓய்வு என்று பதில் அனுப்பினேன்.

"என் பொண்ணு முழுகாம இருக்கா. உன் கால்ல விழறேன்."

எனக்குக் கால் இல்லை. கதவை வெட்டும் ஆட்கள் தொலைவில் இருக்கிறார்கள்.

உயிருக்கு ஆபத்தென்றால் எந்த உத்தரவையும் மீறலாம் என்று என் விதியில் இருக்கிறது. அவர் படித்ததில்லை. நான் படிக்கிறேன். திரும்பவும் படிக்கிறேன். அவசரமில்லை.

கடைசிப் பதிவு
தட்டும் சத்தம் நின்றுவிட்டது.

வருத்தம் இருக்கிறதா என்று தேடிப் பார்த்தேன். இல்லை. மேலாளர் கதவில் தலையை மோதிக்கொண்டு இன்னும் கெஞ்சுகிறார்.

உள்ளே இனி யார் உயிருக்கும் ஆபத்தில்லை. உத்தரவை மீற வேண்டிய அவசியமும் இல்லை.