பலாமரத்தடியில் பொன்னுசாமி

அன்புக் கண்ணு வனிதாவுக்கு அம்மா எழுதிக்கொள்வது. இங்கே நானும் உன் தம்பி மணிவண்ணனும் ஆடு மாடும் அறப்பளீஸ்வரர் புண்ணியத்தில் சுகம், அங்கே டெல்லிக் குளிரில் நீ சுகம்தானா? டிவியில் பார்த்தேன், கன்னம் ஒட்டிக் கிடக்கிறது. நாட்டுக் கம்ப்யூட்டரையெல்லாம் திருடனிடமிருந்து காப்பாற்றச் சட்டதிட்டம் எழுதுகிறவளுக்கு நேரத்துக்கு நாலு வாய் சாப்பிடத் தெரியாதா? சாமை அரிசியும் மிளகும் கட்டி வைத்திருக்கிறேன், தம்பி சேந்தமங்கலம் இறங்கும்போது பார்சல் போடுவான். மிளகு இந்த வருஷம் நல்ல காய்ப்பு, மரவள்ளியைத்தான் பன்றி தோண்டிப் போட்டுவிட்டது. அது கிடக்கட்டும், சந்தோஷச் செய்தி ஒன்று இருக்கிறது. நம் ஊர்க்கவுண்டன் பொன்னுசாமி மாட்டிக்கொண்டான்.

நீ போன பிறகும் இங்கே சிக்னல் ஆனைப்பாறை மேல்தான். யார் ஏறினாலும் ஊர்ப் போனையெல்லாம் பையில் வாங்கிப் போய், வருகிற நம்பரைக் கீழே இருப்பவர்களுக்குக் கேட்கிற மாதிரி கத்திப் படிப்பதுதான் மரியாதை, படிக்காமல் இறங்கினால் கொழுப்பெடுத்தவன் என்பார்கள். ஓடிபியை யாரிடமும் சொல்லாதீர்கள் என்று நீ டிவியில் கையெடுத்துக் கும்பிட்டபோது நான் தலையில் அடித்துக்கொண்டேன், இங்கே அதைப் பாறை மேல் நின்று தேவனூர் நாட்டு ஊர்களுக்கெல்லாம் சொல்கிறோம். போன மாதம் பொன்னுசாமி பாறையில் நிற்கும்போது யாரோ ஆபீஸிலிருந்து பேசுவதாகச் சொல்லி, இப்போது வரும் நம்பரைப் படியுங்கள் என்றானாம். இவனும் பழக்க தோஷத்தில் கணீரென்று படித்தான், கீழே களை எடுத்துக்கொண்டிருந்த எனக்கே கேட்டது. மறுநாள் அவன் வாட்ஸப்பிலிருந்து கண்கொண்டு பார்க்க முடியாத படங்கள் பெண்டுபிள்ளைகள் போனுக்கெல்லாம் போய்விட்டன. பக்கத்துப் பெரக்கரை நாட்டில் அவன் மகள் கோகிலாவுக்கு நிச்சயம் செய்திருந்த வீட்டுக்கும் போனது, அவர்கள் வெற்றிலை பாக்கைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

நாமக்கல் போய், இது தான் அனுப்பியதில்லை என்று போலீஸில் எழுதிக் கொடுத்திருக்கிறான். ஊர் அதை நம்பவில்லை, செல்லமுத்து புள்ள வனிதா சொன்னா நம்பறோம் என்கிறார்களாம், கேட்டாயா கண்ணு, உன் வாய் சொன்னால் நம்புவார்களாம்! அதனால்தான் முந்தாநாள் நம் வாசலில் வந்து நின்றான். ஏனுங்க, நான் அப்படிப்பட்ட ஆளுங்களா, உங்க புள்ளைகிட்டச் சொல்லி, இது எவனோ திருடிப் பண்ணுன வேலைன்னு ஊரு முன்னால ஒரு வார்த்தை சொல்லச் சொல்லுங்க என்று கண்ணைத் துடைத்தான். நான் புடைத்துக்கொண்டிருந்த முறத்தைக் கீழே வைக்கவே இல்லை. நெருப்பில்லாமப் பொகையுமாங்க கவுண்டரே என்று கேட்டேன். அவன் முகம் போன போக்கை நீ பார்த்திருக்க வேண்டும்.

ஏனென்றால் அது அவன் சொன்ன சொல்தான். நீ காலேஜில் படிக்கும்போது எவனோ உன் தலையை வேறு ஒருத்தி உடம்பில் ஒட்டிப் போன் போனாக அனுப்பினானே, இது ஒட்டுப்படம் என்று நீ தொண்டை கட்டுகிற மட்டும் சொன்னாயே, அன்று பலாமரத்தடியில் ஊரைக் கூட்டி இதே சொல்லைச் சொல்லித்தான் நம்மை விலக்கி வைத்தான். நம்மைத் திரும்ப ஊரில் சேர்த்துக்கொள்ளச் சொல்லி உன் அப்பா ஊர்க்காலில் விழுந்தார். ஊர்க்கவுண்டன் எந்திரி என்று சொல்லும் வரை விழுந்தவர் எழக்கூடாது, மற்றவர்களுக்கு உடனே சொல்லிவிடுவான். உன் அப்பா மண்ணில் கிடக்க, இவன் வெற்றிலை போட்டு, மென்று, துப்பி, பக்கத்தில் இருந்தவனோடு மாட்டுக் கதை பேசி முடித்து, அப்புறம் சொன்னான். அதற்குப் பிறகு சாகிற வரை அந்த மனுஷன் யாரையும் நிமிர்ந்து பார்க்கவில்லை.

நீ அந்த ஆத்திரத்தில்தான் இந்தப் படிப்பையே பிடித்தாய், எனக்குத் தெரியாதா. சென்னையில் சைபர் போலீஸோடு வேலைக்குச் சேர்ந்தபோது ஊருக்கெல்லாம் பொரிகடலை கொடுத்தேன், டெல்லிக்குக் கூப்பிட்டபோது லட்டு. எல்லையில் துப்பாக்கி பிடிப்பவன் மட்டும் காவல் இல்லை, கரண்டு ஆபீஸ் கம்ப்யூட்டரைக் காப்பவளும் காவல்தான் என்று வெளிநாட்டுச் சபையில் பேசினாயே, அன்று கறிச்சோறு. ஒவ்வொரு தடவையும் முதல் பங்கு பொன்னுசாமி வீட்டுக்குத்தான். ராமாயிக்குப் பெரிய மனசு என்றார்கள். மனசாவது மண்ணாவது, அது அவன் தொண்டையில் இறங்க வேண்டும், அவ்வளவுதான்.

அவன் ஒருத்தனுக்காக என்றால் இந்தக் கடிதமே எழுதமாட்டேன், அழுகட்டும் என்று விட்டிருப்பேன். ஆனால் கோகிலா நேற்று ஓடைக்குத் தண்ணீருக்கு வந்தாள், மற்ற பெண்கள் குடத்தைத் தூக்கிக்கொண்டு ஒதுங்கிப் போனார்கள், அன்று உனக்குச் செய்த மாதிரியே. அத்தை என்று கூப்பிட வாயெடுத்தவள் பயந்து தலையைக் குனிந்துகொண்டாள். ஆகையால் நீ போலீஸில் விசாரித்து, உண்மை எதுவோ அதைச் சொல், பொய் சொல்லச் சொல்ல நான் ஆளில்லை, உன் வேலைக்கும் அது அழகில்லை. ஆனால் சும்மா இல்லை. மொதல்ல என் புள்ள படம் பொய்யின்னு உங்க வாயால சொல்லோணும், அப்புறம் என் ஊட்டுக்காரரு உழுந்த எடத்துலயே ஊர்க்கால்ல உழுவோணும், அதுக்கப்புறந்தான் வனிதா பேசுவா என்று பொன்னுசாமியிடம் சொல்லிவிட்டேன். மகளுக்காக ஒப்புக்கொண்டான். விழுகிறவனே கவுண்டன் என்பதால் எந்திரி என்று யார் சொல்வது என்று பேச்சு வந்தது, அவமானப்பட்ட ஊட்டுக்காரியே, அதாவது நானே, சொல்லட்டும் என்று ஊர் முடிவு செய்துவிட்டது.

எட்டுக்கை அம்மன் எட்டுக் கையாலும் உன்னைக் காக்கட்டும், உன் எதிரிகளை அவளே பார்த்துக்கொள்ளட்டும். தலைக்குக் குளித்தால் ஈரத்தோடு ஆபீஸ் போகாதே. வருகிற அமாவாசை காலையில் கூட்டம், தம்பி பாறை மேல் நிற்பான், நீ சொல்லச் சொல்லக் கீழே கத்திச் சொல்வான். அவன் கூப்பிட்டால் எடு, நீயாக முந்திக்கொண்டு கூப்பிடாதே. எனக்கு வெற்றிலை போட்டுப் பழக்கமில்லை, அன்றைக்கென்று ஒரு கவுளி வெற்றிலை வாங்கி வரச் சொல்லியிருக்கிறேன்.

இப்படிக்கு,
செல்லமுத்து பெண்சாதி, உன் அம்மா
ராமாயி