முப்பது தையா, இருபது தையா

சிவமயம்

செட்டிகுளம்
ஆவணி முதல் வெள்ளி

அன்பு மகன் தமிழழகனுக்கு அம்மா எழுதுவது. இதை எழுதும்போது வாசலில் இருப்பவர்கள் நான், உன் அப்பா, ஆடிப்பெருக்குக்கு வந்து இன்னும் ஊர் திரும்பாத உன் அக்கா கலையரசி, வட்டிக்கு விடுகிற அடுத்த வீட்டுக் கிருஷ்ணம்மாள், அப்புறம் காயப்போட்ட சின்ன வெங்காயத்தை முகர்ந்து பார்த்துப் பிடிக்காமல் முகத்தைத் திருப்பிக்கொண்ட நம் சினைப்பசு. இந்த ஐந்து பேரும் சிறுவாச்சூர் அம்மன் புண்ணியத்தில் சுகம். அங்கே நீயும் மருமகள் தேவயானியும் பேத்தி கவியாவும் அதேபோல் இருக்க வேண்டும் என்றுதான் தினம் விளக்கேற்றுகிறேன். பூனாவில் மழை விடாமல் பெய்கிறதாமே, பிள்ளைக்குத் தலையை நன்றாகத் துவட்டிப் பள்ளிக்கு அனுப்பச் சொல். இந்தத் தாளின் மூலையெல்லாம் மஞ்சளாக இருக்கிறதே என்று பார்க்காதே, அதற்குக் காரணம் இருக்கிறது, வரிசையாகச் சொல்கிறேன்.

போன வாரம் நீ வீட்டுக் கடன் கிடைத்துவிட்டது என்று சொல்லி, மாதத் தவணைப் பட்டியலைக் கலையரசி செல்லுக்கு அனுப்பி, இதை அம்மன் காலடியில் வைத்துவிட்டுக் கையெழுத்துப் போட ஒரு நல்ல நாள் பார்த்துச் சொல்லுங்கம்மா என்று கேட்டாய் அல்லவா. நாற்பது லட்சம், எட்டே கால் சொச்சம், அதாவது எட்டு புள்ளி நாலு சதவீத வட்டி, முப்பது வருசம். உன் அப்பாவுக்குச் சதவீதம் என்றால் பரீட்சை மார்க்குதான் நினைவுக்கு வரும். எட்டு என்றதும் பயந்துபோய், எட்டு ரூபா வட்டியா, மீட்டர் வட்டிக்காரன்கூட அவ்வளவு கேக்கமாட்டானே என்று துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்துவிட்டார். நான்தான் உட்கார வைத்து, அது வருசத்துக்குங்க, பன்னிரண்டால் வகுத்தால் நூற்றுக்கு மாசம் எழுபது காசு என்று நம்மூர் வழக்கத்துக்கு மாற்றிச் சொன்னேன். அவ்வளவுதான், மனுசன் முகத்தில் தீபாவளி. எழுபது காசு வட்டியா, அய்யனார் சாமியே கடன் குடுத்தாலும் ஒரு ரூபாய்க்குக் கீழ வராதே என்று டீக்கடை வரை போய்ச் சொல்லிவிட்டு வந்தார். நானும் சளைத்தவள் இல்லை. நாற்பது லட்சத்துக்கு எழுபது காசு வீதம் மாச வட்டி இருபத்தெட்டாயிரம், தவணையோ முப்பதாயிரத்து நானூற்று எழுபத்து மூன்று, ஆக வட்டிக்கு மேலே வெறும் இரண்டாயிரத்து நானூற்றுச் சொச்சம் கட்டினால் வீடே நம் பெயருக்கு வந்துவிடுகிறது, இப்படி ஒரு மலிவு உண்டா என்று கணக்குப் போட்டு, அன்று சர்க்கரைப் பொங்கல் வைத்துத் தெருவுக்கே கொடுத்தேன். அந்தப் பொங்கலைச் சாப்பிட்டவர்களிடம் இப்போது திருப்பிக் கேட்கவா முடியும்.

புதன்கிழமை கலையரசி பெரம்பலூர் டவுனுக்குப் போனவள் பட்டியலை அச்செடுத்து வந்தாள். முதல் பக்கம் மட்டும் எடுடி என்றுதான் சொல்லி அனுப்பினேன், அவள் எந்தப் பொத்தானை அமுக்கினாளோ பன்னிரண்டு தாளும் வந்துவிட்டது. தாளுக்கு ஐந்து ரூபாய், மொத்தம் அறுபது. அறுபது ரூபாயை வீணாக்க மனசு வராமல், சாமிக்கு வைப்பதை முழுசாகவே வைப்போம் என்று பன்னிரண்டு தாளுக்கும் நாலு மூலையிலும் மஞ்சள் தடவி, வெங்காயத்துக்குப் பக்கத்தில் காற்றில் பறக்காமல் கல் வைத்துக் காயப்போட்டேன். அப்போதுதான் கிருஷ்ணம்மாள் வந்தாள். அவள் தாளைப் பார்த்துவிட்டாள், எந்தக் கடனைக் கண்டாலும் சொந்தக்காரியைக் கண்ட மாதிரி உட்கார்ந்துகொள்வாள் உனக்குத்தான் தெரியுமே. நான் பெருமையாக எழுபது காசு வட்டி என்றேன். அவள் முகம் சுருங்கிவிட்டது, தொழில் போட்டி. அப்புறம் மெதுவாக, சரி கொளஞ்சி, அசலை எந்தத் தைக்குக் குடுக்கணும் என்று கேட்டாள். அவளிடம் வாங்குகிறவர்கள் எல்லாம் ஆவணியில் வாங்கினால் தையில் மக்காச்சோளத்தை விற்று அசலைக் கொடுத்துக் கணக்கை முடிக்கிற ஆட்கள். நான், தை எல்லாம் இல்லை, முப்பது வருசம் என்றேன். முப்பது தையா என்று கேட்டுவிட்டு அவள் வாயைப் பொத்திக்கொண்டாள். எங்களுக்குக் கேட்கத் தோன்றாத கேள்வியை அவள் கேட்டுவிட்டாள். வட்டி எத்தனை காசு என்று பார்த்தோமே தவிர, அந்தக் காசு எத்தனை நாள் ஓடும் என்று நாங்கள் இரண்டு பேரும் பார்க்கவே இல்லை.

உன் அப்பாவுக்கு விளங்கவில்லை. அதான் மாசாமாசம் கட்டுறானே, குறைஞ்சிக்கிட்டே வராதா என்றார். சரி என்று ஒரு வெங்காயம் ஆயிரம் ரூபாய் என்று வைத்துக்கொண்டு, முப்பது வெங்காயமும் இன்னொரு அரை வெங்காயமும் எண்ணி எடுத்தேன், அதுதான் உன் முதல் மாதத் தவணை. அதில் இருபத்தெட்டை வங்கிக்காரர் பக்கம் தள்ளினேன், அது வட்டி. மிச்சம் இரண்டரை வெங்காயம் வீட்டுப் பக்கம், அதுதான் அசலில் கழியும். உன் அப்பா அந்த அரை வெங்காயத்தை எடுத்து வெயிலில் பிடித்துப் பார்த்துவிட்டு, இது வாசப்படியா கொல்லப்புறமா என்று கேட்டார். கலையரசி சிரித்துச் சிரித்துப் புரையேறிவிட்டது. இரண்டு பக்கமும் சமமாக என்றைக்கு வரும் என்று தாள்களைப் புரட்டிப் பார்த்தால் ஒன்பதாம் தாளில் வருகிறது, அதாவது இருபத்திரண்டாம் வருசம். இன்றைக்குப் பென்சிலைக் கடிக்கிற கவியாவுக்கு அப்போது கல்யாணமே ஆகியிருக்கும். மொத்தத்தைக் கலையரசி செல்லில் தட்டினாள், நான் தாளில் பெருக்கினேன், இரண்டும் ஒத்துவந்த பிறகுதான் நம்பினேன். வாங்குவது நாற்பது லட்சம். கட்டி முடிப்பது ஒரு கோடியே ஒன்பது லட்சத்து எழுபதாயிரம். கிருஷ்ணம்மாள் எழுந்து நின்று, நூத்துக்கு ரெண்டு ரூபா வட்டி வாங்குறேன்னு என்னைய இந்த ஊரே சாபம் வுடுது, எவனாவது ஒருத்தன் முப்பது வருசம் எங்கிட்ட கடன் வச்சிருந்தா நான் ஏன் இன்னும் ஓட்டு வூட்டுல கெடக்கேன் என்று சொல்லிவிட்டுப் போனாள். போகும்போது வங்கிப் பக்கம் கிடந்த வெங்காயத்தில் ஒரு கை அள்ளிக்கொண்டுதான் போனாள்.

உன் அக்கா உனக்காக வாதாடினாள், அதையும் சொல்லிவிடுகிறேன். தம்பிக்குச் சம்பளம் ஏறும்மா, பத்து வருசம் போனா முப்பதாயிரம் பெருசாத் தெரியாது, கையில காசு இருக்கும்போது சேத்துக் கட்டி முன்னாடியே முடிச்சுக்குவான் என்றாள். நியாயமான பேச்சுதான், நான் இல்லை என்று சொல்லவில்லை. ஆனால் உன்னைப் பெற்றவள் நான். உன் கையில் மிச்சமிருந்தால் முதலில் செல்லை மாற்றுவாய், அப்புறம் வண்டியை மாற்றுவாய், அதற்கும் மேலே மிஞ்சினால் எனக்கு ஒரு மிக்சி வாங்கி அனுப்புவாய். பரணில் மூன்று மிக்சி இருக்கிறது. அதுவும் இல்லாமல் உனக்கு இப்போது முப்பத்து நாலு. முப்பது வருசம் என்றால் அறுபத்து நாலு. திருக்கடையூரில் நீயும் தேவயானியும் மாலையும் கழுத்துமாக அறுபதாம் கல்யாணத்துக்கு உட்கார்ந்திருக்கும்போது, தவணை பாக்கி என்று செல்லில் மணியடித்தால் அய்யர் மந்திரத்தை நிறுத்திவிட்டு உன்னைத்தான் பார்ப்பார். அம்மனே வாரத்தில் திங்களும் வெள்ளியும்தான் நடை திறக்கிறாள், இந்த வட்டிக்கு மட்டும் ஒரு நாள் ஓய்வு கிடையாது.

சரி, இருபது வருசம் என்றால் எவ்வளவு என்று கலையரசி செல்லில் தட்டிப் பார்த்தோம். மாதம் முப்பத்து நாலாயிரத்து நானூற்று அறுபது. மொத்தம் எண்பத்து இரண்டு லட்சத்து எழுபதாயிரம். இருபத்தேழு லட்சம் மிச்சம். அதற்கு மாதம் கூடுதலாக வேண்டியது நாலாயிரத்துக்குப் பதிமூன்று ரூபாய் குறைவு. இது தெரியாத பிள்ளையா நீ, படித்தவன், கணினியில் கணக்குப் போடுகிறவன், பிறகு ஏன் முப்பதைப் பிடித்தாய் என்று எனக்கு மண்டை குடைந்தது. நேற்று தேவயானி பேசும்போது கேட்டேன். அவள் முதலில் மழுப்பினாள். நான் விடவில்லை. அப்புறம் சொன்னாள், இருபதுன்னு போட்டா ஊருக்கு அனுப்புற நாலாயிரம் நின்னுடும் அத்தை, அது மட்டும் முடியாதுன்னுட்டாங்க உங்க மகன், மாமா டீக்கடையில எம்புள்ள மாசம் தவறாம அனுப்புறான்னு சொல்லிக்கிட்டு இருப்பாங்க, அதை நான் நிறுத்தமாட்டேன்னு சொல்லிட்டாங்க, நான் சொன்னேன்னு சொல்லிடாதீங்க. அவள் மேல் கோபப்படாதே. சொல்லமாட்டேன் என்று நான் அவளுக்கு வாக்குக் கொடுக்கவில்லை, உம் என்றுதான் சொன்னேன்.

தம்பி, நீ அனுப்புகிற நாலாயிரம் இங்கே எப்படிச் செலவாகிறது என்று உனக்குத் தெரிய வேண்டும். அப்பாவுக்குச் சர்க்கரை மாத்திரை அரசாங்க ஆஸ்பத்திரியில் சும்மா கொடுக்கிறார்கள், அரிசி ரேஷன், பால் சொசைட்டிக்கு ஊற்றுகிறேன், வெங்காயம் இந்த வருசம் நல்ல விலை போகும்போல் இருக்கிறது. உன் பணத்தில் பாதி கேபிளுக்கும் கேஸுக்கும் கல்யாண மொய்க்கும் போகிறது, மீதி அப்பாவின் டீக்கடைச் செலவு, எம்புள்ள அனுப்பினதுடா குடிங்கடா என்று தெரிந்தவன் தெரியாதவனுக்கெல்லாம் வாங்கிக் கொடுக்கிறார். இந்த டீக்கு நீ உன் வாழ்நாளில் பத்து வருசத்தை அடகு வைக்கிறாய். எங்களுக்கு நல்லது என்று நினைத்துத்தான் செய்தாய், அது எனக்குத் தெரியாதா. ஆனால் பெற்றவர்களுக்கு மாதம் நாலாயிரம் கொடுப்பதற்காக வங்கிக்கு இருபத்தேழு லட்சம் கொடுக்கிற பிள்ளையை ஊர் மெச்சாது, கிருஷ்ணம்மாள் வேண்டுமானால் மெச்சுவாள்.

உன் அப்பாவிடமும் இதைச் சொன்னேன். அவர் எழுந்து மாட்டிடம் போனார். மாட்டைப் பிடித்து இடம் மாற்றிக் கட்டினார், மறுபடி பழைய இடத்திலேயே கட்டினார். டீக்கடைக்கும் போகவில்லை. மனுசன் உள்ளுக்குள் நொறுங்கிவிட்டார் என்றுதான் நினைத்தேன். இன்று காலை சட்டையை மாட்டிக்கொண்டு கிளம்பினார், பின்னாலேயே கலையரசி பால் பாக்கி வாங்குகிற சாக்கில் போனாள். அங்கே நடுப்பெஞ்சில் உட்கார்ந்துகொண்டு சொல்கிறாராம், பூனாவுல வூடு வாங்குறோம்ல, பையன் தனியா கட்டுறானேன்னு நானும் மாசம் நாலாயிரம் போடுறேன், கடன் பத்து வருசம் முன்னாடியே முடிஞ்சிடும், எல்லாம் ஒரு கணக்குதான் என்று. நேற்று வரை வாங்கினவர் இன்றைக்குப் போடுகிறவர் ஆகிவிட்டார். காலரைத் தூக்கிவிட்டுக்கொண்டு வீட்டுக்கு வந்தார். அவருக்கு இப்போது உன் வீட்டில் பங்கு இருக்கிறதாம். ஆகவே அவர் மானத்தைப் பற்றி நீ கவலைப்படாதே, அதற்கு வட்டி கிடையாது.

அதனால் அம்மா சொல்கிறபடி செய். அடுத்த மாதத்திலிருந்து எங்களுக்குப் பணம் அனுப்பாதே. இருபது வருசம் என்று மாற்றி எழுதச் சொல். பதிமூன்று ரூபாய் மிச்சம் வரும், அதில் ஒரு டீ குடித்துக்கொள். வட்டி ஏறினால் தவணையை ஏற்றாமல் சத்தம் காட்டாமல் வருசத்தை நீட்டிவிடுவார்கள் என்று கலையரசி வீட்டுக்காரர் சொல்கிறார், அதனால் வருசத்துக்கு ஒரு முறை எத்தனை மாதம் பாக்கி என்று கேட்டு வாங்கி வை. வேலைக்கு ஏதும் இடைஞ்சல் வந்தால் ஒளிக்காமல் சொல், சினைப்பசு இருக்கிறது, நாங்கள் இருக்கிறோம்.

இன்று சிறுவாச்சூர் போய் வந்தோம். பன்னிரண்டு தாளில் இருபது வருசத்துக்கு உரிய எட்டுத் தாளைத்தான் அம்மன் முன்னால் வைத்தேன். பூசாரி ஒரு எலுமிச்சம்பழம் கொடுத்தார், பத்திரமாக இருக்கிறது. மீதி நாலு தாளை அம்மனுக்குக் காட்டவில்லை. இந்தக் கடிதத்தைத் திருப்பிப் பார். நான் எழுதியிருப்பது உன் கடைசிப் பத்து வருசத்தின் பின்பக்கத்தில். எனக்குக் கடிதத்தாள் வாங்கும் செலவு மிச்சம்.

நல்ல நாள் பார்த்துவிட்டேன், அருமையான நாள், நேரமும் குறித்தாயிற்று. ஆனால் இருபதா முப்பதா என்று உன் கையெழுத்தில் பதில் வந்த பிறகுதான் சொல்வேன், செல்லில் சரிம்மா சரிம்மா என்று நீ சொல்வதெல்லாம் என் கணக்கில் வராது. மூன்று பேரும் நூறு வயது கடனில்லாமல் வாழ அம்மன் துணை இருப்பாள். கவியாவுக்கு என் முத்தம். வெள்ளிக்கிழமை விளக்கேற்ற மறக்க வேண்டாம் என்று தேவயானிக்குச் சொல்.

இப்படிக்கு
உன் அம்மா
சா. கொளஞ்சியம்மாள்

பி.கு. அப்பா கேட்கச் சொன்னார், அவர் போடுகிற நாலாயிரத்துக்குப் பால்கனி அவர் பங்காம். அது எந்தத் திசை பார்த்து இருக்கிறது என்றும், அங்கே கட்டில் கொள்ளுமா நாற்காலிதான் கொள்ளுமா என்றும் எழுதவும். சீக்கிரம் பதில் போடு.