நீ வெட்டிப்போட்ட கடைசிப் பகுதி

அன்பு மகன் ஷைஜுவுக்கு, ஏலப்பாறையிலிருந்து அப்பா எழுதுவது. ஆண்டவர் கிருபையால் நானும் அம்மாவும் நடமாடிக்கொண்டு இருக்கிறோம், அங்கே வெயிலில் நீயும் சிஞ்சுவும் பாப்பாவும் சுகமாக இருக்க வேண்டும். இங்கே மழை விடவில்லை, அம்மாவுக்கு முட்டிவலி, ஆனாலும் கோயிலுக்கு ஜீப்பில் வரமாட்டேன் என்கிறாள்.

போன மாதம் எங்கள் பள்ளிக்கூடப் போட்டியை நான் போனில் எடுத்து அனுப்பியபோது நீ கேட்டாய், அந்தப் பொண்ணு விழுந்த பிறகும் எதுக்குப்பா வீடியோவை இழுத்துக்கிட்டே போறீங்க, அதை யாரு பாக்கப்போறா என்று. அதற்குத்தான் இந்தக் கடிதம். போனில் என்றால் உன் குரலைக் கேட்டு இளகிவிடுவேன். கிக் பாக்சிங்கில் ஜோமோள் உதைத்து, கூடப் படிக்கும் வேலுத்தாயின் மகள் விழுந்த துண்டை மட்டும் வைத்து, கடைசிப் பகுதியை வெட்டிவிட்டு, பாட்டோடு உன் சேனலில் போட்டாய். லட்சம் பேர் பார்த்தார்கள் என்றதும் நானும் அம்மாவிடம் பெருமையடித்தேன். இப்போது அந்தப் பிள்ளை பஸ் ஏறினாலே, என்னடி, இன்னும் எந்திரிக்கலையா என்று பையன்கள் கேட்கிறார்களாம். பயிற்சியை விட்டாள், இந்த வாரம் பள்ளிக்கூடத்தையும் விட்டுவிட்டாள். வேலுத்தாய் தோட்டத்தில் தேயிலைக் கொழுந்து எடுத்த கையோடு வந்து நின்றாள். சண்டைக்கு வரவில்லை. போன் புடிச்சது நம்ம சாருதானேன்னு சும்மா இருந்துட்டோம் சார் என்றாள். உட்காரச் சொன்னேன், உட்காரவில்லை.

வகுப்பில் மார்க் குறைந்த பிள்ளையின் பேப்பரை மடித்துத்தான் கொடுப்பேன், பக்கத்துப் பிள்ளை பார்த்துவிடக் கூடாதே என்று. உனக்கும் அப்படிக் கொடுத்திருக்கிறேன். அந்தக் கைதான் போனைப் பிடித்தது. நேற்று முழு வீடியோவையும் பார்த்தேன். விழுந்தவள் மூக்கைக்கூடத் துடைக்கவில்லை, முதலில் என் போனைத்தான் பார்த்தாள், பிறகு கிளவுஸ் போட்ட கையால் முகத்தை மூடிக்கொண்டாள். ஜெயித்த ஜோமோள் ஓடிவந்து அவளுக்கு முன்னால் மறைத்து நின்றாள். தள்ளி நில்லு ஜோமோள், மறைக்காதே என்று ஒரு குரல் கேட்கிறது. என் குரல்தான். அவளும் சார் சொல்லிவிட்டாரே என்று தள்ளி நின்றாள்.

நாளை வேலுத்தாய் வீட்டுக்குப் போய், அந்தப் பிள்ளையிடமே மன்னிப்புக் கேட்கப்போகிறேன். நான் போகுமுன் அந்தத் துண்டை எடுத்துவிடு. மற்றவர்கள் பகிர்ந்ததை இனி எப்படித் திரும்பப் பெறுவது என்று எனக்குத் தெரியவில்லை. ஆண்டவர் உங்கள் மூவரையும் காக்கட்டும். பாப்பாவுக்கு அம்மாவின் முத்தம். வேலை நேரத்தில் சாப்பாட்டைத் தள்ளிப்போடாதே.

இதைப் படித்து முடித்ததும், நீ வெட்டிப்போட்ட அந்தக் கடைசிப் பகுதியைப் பாட்டில்லாமல் ஒருமுறை முழுதாகப் பார்.

அன்புடன்,
அப்பா யாக்கோபு