விலாங்கு சூப் வீடியோ

சேரப்பணஞ்சேரி

அன்பு மகன் இளம்பரிதிக்கு,

கர்த்தருடைய கிருபையில் நானும் அப்பாவும் உன் அக்கா ஷாரோனும் சுகம், அந்தக் கொரியாக் குளிரில் நீ எப்படி இருக்கிறாய் என்று கேட்கத்தான் பேனாவை எடுத்தேன், ஆனால் வயிறு எரிகிறது, அதை முதலில் எழுதிவிடுகிறேன். போனில் சொன்னால் ஷிஃப்டுக்கு நேரமாச்சும்மா என்று வைத்துவிடுவாய், அதனால் பருப்புப் பொடி பார்சலுக்குள் இதை வைக்கிறேன். நீ விலாங்கு சூப் குடிக்கிற வீடியோவை ஓரகடம் முழுக்கப் பார்த்துவிட்டதடா. கம்பெனி பஸ்ஸில் பெண்கள் ஷாரோனிடம், இன்னாடி உன் தம்பி பாம்பைப் புடிச்சித் துன்னுகினு கீறான் என்று கேட்டுச் சிரித்தார்களாம், வந்தவள் சாப்பிடாமல் படுத்துக்கொண்டாள். பக்கத்து வீட்டு டில்லிபாபு என் முகத்துக்கு நேரே போனை நீட்டினான். சீ! உயிரோடு நெளிகிறதை நீ வாடகைக்கு இருக்கிற வீட்டுக்காரம்மா பலகையில் வைத்துத் தலையில் ஆணி அடிக்கிறாள், கொழகொழவென்று சளி மாதிரி வழிகிறது, உப்பைக் கொட்டித் தேய்க்கிறாள், நீ பக்கத்தில் உட்கார்ந்து பல்லை இளிக்கிறாய். நெத்திலியில் தலை இருந்தாலே தட்டைத் தள்ளுகிற பிள்ளையா நீ? அன்றைக்கு வைத்த சங்கராக் குழம்பை என்னால் தொட முடியவில்லை. அன்றிலிருந்து வீட்டில் மீன் கிடையாது, அப்பா முட்டையைத் தின்றுவிட்டு முனகுகிறார்.

நீ உறிஞ்சுகிற சத்தம் குமட்டியதால் சத்தத்தை அணைத்துவிட்டுத்தான் திரும்பத் திரும்பப் பார்த்தேன். பார்க்காமலும் இருக்க முடியவில்லை, உன் முகம் தெரிகிறதே. நேற்று ஷாரோன்தான் சத்தத்தை வைத்தாள். நிமோனியா வந்து ஆஸ்பத்திரில கெடந்தேன், எழுந்து நின்னதே இந்தம்மா ஊத்துற சூப்பாலதான், எங்கம்மாவுக்கு ஒண்ணும் தெரியாது, சொன்னா செத்துடுவாங்க என்கிறாய். ஊர் உலகத்துக்கெல்லாம் தெரியும், பெற்றவளுக்குத் தெரியாது! கன்னம் ஏன்டா ஒட்டிப்போச்சு என்று கேட்டதற்கு ஓவர்டைம் ஜாஸ்திம்மா என்றாயே, நானும் நம்பினேனே. அப்பாவைக் கேட்டால் அவருக்கும் தெரியுமாம். பாம்புக்குத் தலையையும் மீனுக்கு வாலையும் காட்டுகிற விலாங்கு கொரியாவில் எதற்கு, நம் வீட்டிலேயே இரண்டு இருக்கிறது.

எனக்கு இன்னும் அருவருப்பாகத்தான் இருக்கிறது, மறைக்கமாட்டேன். ஆனாலும் அந்தம்மா ஊற்றிக் கொடுத்தால் மிச்சம் வைக்காமல் குடி, என் பிள்ளையை எழுப்பி உட்காரவைத்த கை அது. வெளியே போனால் காதை மூடிக்கொண்டு போ, பொடிக்கு நெய் விட்டுச் சாப்பிடு. கர்த்தர் உன்னை ஒரு குறையும் வராமல் காப்பாராக. இனிமேல் உடம்புக்கு ஏதாவது என்றால் எந்த நேரமானாலும் முதலில் எனக்குச் சொல். நான் ஒன்றும் செத்துவிடமாட்டேன்.

உன் அம்மா
ஞானம்மா