வழியில் விழுந்த ‘மாட்டேன்’

அன்புள்ள சின்னவனுக்கு அம்மா எழுதுவது. ஞாயிற்றுக்கிழமை நம் வீட்டில் இருந்தவர்கள் நான், உன் அக்கா, உன் அத்தான், கீழ் வீட்டு டெய்லர், பஸ் நிறுத்தத்துக்கு எதிரே போன் ரிப்பேர் கடை வைத்திருக்கும் அம்மா, மொத்தம் ஐந்து பேர். பத்து வருஷம் கழித்து வேறு யாராவது வந்து நானும் இருந்தேன் என்று சொன்னால் நம்பாதே. நான் சுகம், மணிக்கட்டு வீக்கம் வடிந்துவிட்டது, சுண்டு விரல் மட்டும் இன்னும் சொன்ன பேச்சைக் கேட்க மறுக்கிறது. நீயும் மருமகளும் பேத்தியும் சுகம் என்பதை அன்றைக்கே என் காதால் கேட்டுவிட்டேன், இருந்தாலும் கடிதம் என்றால் கேட்டுத்தான் ஆகவேண்டும், சுகம்தானே. போனில் அவ்வளவு நேரம் பேசிய பிறகு எதற்குக் கடிதம் என்று நினைப்பாய். போனில் பேசும்போது நாலு பேர் சுற்றி நின்றார்கள். உன்னிடம் மட்டும் சொல்லவேண்டியது ஒன்று இருக்கிறது, அதற்கு வருவதற்குள் முன்னால் நடந்ததையும் எழுதிவிடுகிறேன், அவசரப்பட்டுக் கடைசிப் பக்கத்தைத் திருப்பாதே.

ஏழு வாரத்துக்கு முன் நான் விழுந்ததை உன் அக்கா உனக்கு வேறு மாதிரி சொல்லியிருப்பாள், வயதாகிவிட்டது தலை சுற்றி விழுந்தாள் என்று. தலையும் சுற்றவில்லை ஒன்றும் சுற்றவில்லை, குளியலறையில் சோப்பு கீழே கிடந்தது, மிதித்தேன், விழுந்தேன், சின்ன வயதிலும் அப்படித்தான் விழுவார்கள். தவழ்ந்து சமையலறைக்கு வந்து போனை எடுத்து உன் அக்காவைப் பதினான்கு தடவை கூப்பிட்டேன், ஒரு தடவைகூடப் போகவில்லை. பிறகு தட்டை எடுத்துத் தரையில் அடி அடியென்று அடித்தேன், கீழே இருந்து டெய்லர் ஊசியும் நூலுமாக ஓடிவந்தான். எட்டு வருஷத்துக்கு முன் என் தலையணை உறைகள் நாலையும் ஒரு விரல் குட்டையாகத் தைத்துவிட்டு, தலையணைதான் ஊதிவிட்டது என்று சொன்னானே அதே டெய்லர்தான். அன்று அவன் இல்லாவிட்டால் நான் சாயங்காலம் வரை தரையில் கிடந்திருப்பேன், அதற்காக அவனைப் பாதி மன்னித்திருக்கிறேன், உறை இன்னும் குட்டைதான்.

அதைப் பிடித்துக்கொண்டாள் உன் அக்கா. போன் வேலை செய்யாத வீட்ல உன்னத் தனியா விட்டுட்டு நான் அங்க எப்படிம்மா நிம்மதியா ஒரு வாய் சாப்பிடுவேன் என்று அழுதாள், அழுதுகொண்டே என் துணிகளை மடித்துப் பெட்டியில் வைத்தாள், அவளுக்கு இரண்டும் ஒரே நேரத்தில் வரும். வீட்டைப் பூட்டிவிட்டு நான் அவளோடு போகவேண்டுமாம், துணி தேய்க்கும் மேசை போட்டிருக்கிறாளே அந்த அறையில் எனக்கு ஒரு கட்டிலாம். அவள் நல்லவள், நான் குறை சொல்லவில்லை. ஆனால் உன் அப்பாவோடு முப்பத்தொன்பது வருஷம் இருந்த வீட்டை ஒரு சோப்புக்கட்டிக்காகப் பூட்டிவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை. வாரக்கணக்கில் நான் சண்டை போட்டேன், அவளும் போட்டாள், கடைசியில் போன வாரம் ஒரு முடிவுக்கு வந்தோம். இந்த வீட்டுக்குள்ளேயே உட்கார்ந்து தம்பிகூட பத்து நிமிஷம் அறுந்துபோகாமப் பேசிக் காட்டு, அப்புறம் நான் வாயே திறக்கல, முடியலன்னா ஞாயித்துக்கிழமை சாயங்காலம் பெட்டியோட கார்ல ஏறணும் என்றாள். சரி என்றேன். சொல்லிவிட்டேனே தவிர, நம் வீட்டுக்குள் போனில் பத்து நிமிஷம் பேசியவர்கள் யாரும் கிடையாது. நாலு வருஷமாக முன்படிக்கட்டில் நின்று போனை ஸ்டேஷன் பக்கமாக உயர்த்திப் பிடித்துக் கத்திக்கொண்டிருக்கிறேன், தெருவில் போகிறவர்களுக்கு உன் சம்பளம் முதல் மருமகளின் முதுகுவலி வரை எல்லாம் தெரியும்.

டெய்லர்தான் போன்கடை அம்மாவை அழைத்துவந்தான். ஐம்பது வயதிருக்கும், கொண்டையில் ஸ்க்ரூ டிரைவரைச் செருகியிருந்தாள். முதல் கேள்வியே போனை எங்க வைப்பீங்க பெரியம்மா என்பதுதான். எவர்சில்வர் டப்பால என்று உன் அக்கா போட்டுக்கொடுத்தாள். கரப்பான்பூச்சி நுழைந்துவிடுமே என்று மூடிதான் வைப்பேன். அந்த அம்மா சிரிக்கவில்லை, அதுக்குள்ள சிக்னல் வரணும்னா மூடியத் தட்டி உத்தரவு கேக்கணுமே பெரியம்மா என்றாள், உன் அத்தான்தான் சிரித்தார், அதையும் ஞாபகம் வைத்திருக்கிறேன். பிறகு போனில் எதையோ அழுத்தி, இதுதான் சிக்னல் அளவு என்று ஓர் எண்ணைக் காட்டினாள். மைனஸ் நூற்றுப் பதினேழு. நூற்றுக்கு மேல் பதினேழு வந்திருக்கிறதே, நல்லதுதானே என்றேன். இல்ல பெரியம்மா, மைனஸ்ல சின்ன நம்பர்தான் நல்லது, எண்பது வந்தா அருமை என்றாள். நான் நாலாம் வகுப்போடு நின்றவள், மைனஸ் சொல்லித்தரும் வாத்தியார் அதுவரை வரவில்லை. கிணற்றில் தண்ணீர் எத்தனை அடி கீழே இருக்கிறது என்று பார்ப்பதுபோலத்தானே, எண்பது அடி என்றால் கயிறு எட்டும், நூற்றுப் பதினேழு என்றால் வாளி அந்தரத்தில் தொங்கும் என்றேன். அந்த அம்மா அப்படியே நின்று என்னைப் பார்த்தாள். இனிமே கடைக்கு வர்றவங்களுக்கு இதையே சொல்லப்போறேன் என்றாள். உன் அக்கா முகத்தைத் திருப்பிக்கொண்டாள்.

அப்புறம் போன்கடை அம்மா அறை அறையாக நடந்தாள். அவள் எண்ணைச் சொல்லச் சொல்ல, டெய்லர் துணிக்குக் கோடு போடும் சாக்கட்டியால் தரையில் எழுதிக்கொண்டே வந்தான். கூடத்தில் நூற்றுப் பன்னிரண்டு, சமையலறையில் நூற்றுப் பதினைந்து, அப்பா படுத்திருந்த பின்னறையில் நூற்றுப் பதினேழு. நான் காலையில்தான் தரை துடைத்திருந்தேன். பிறகு எல்லோரும் மொட்டை மாடிக்கு ஏறினோம். அவள் போனில் ஒரு வரைபடம் இருக்கிறது, நம் வீடு ஒரு நீலப் புள்ளி, சுற்றிலும் டவர்களுக்கு ஒவ்வொரு சின்னக் குறி. ஆஸ்பத்திரிக்கு மேலே ஒன்று, அது வேறு கம்பெனியாம், நமக்கு உதவாது. ஸ்டேஷனுக்கு அந்தப் பக்கம் ஒன்று, இரண்டரை கிலோமீட்டர். மூன்றாவது எங்கே இருக்கிறது தெரியுமா, நம் வீட்டுக்கு நேர் பின்னால் ஐஸ் ஃபேக்டரி கூரையில், அரைக் கிலோமீட்டர்கூட இல்லை. மாடியில் அந்தப் பக்கம் பார்த்து நின்றதும் எண் எழுபத்தாறுக்கு ஏறியது, இறங்கியது என்றுதான் சொல்லவேண்டுமோ என்னவோ. இத்தனை கிட்ட ஒண்ணு நிக்க, உங்க போன் போயி ஸ்டேஷன் டவரப் பிடிச்சுத் தொங்குது பெரியம்மா என்றாள். அடுத்த தெருவில் அண்ணன் இருக்க ஊர்க்கோடியில் இருப்பவனிடம் போய் நியாயம் கேட்டதுபோல, நாலு வருஷமாக நான் முதுகைக் காட்டிக்கொண்டு நின்றது அந்த ஐஸ் ஃபேக்டரிக்கு.

கீழே வந்து பின்னறை பால்கனிக்குப் போனாள். அங்கே மேலிருந்து கீழ் வரை தகரம் அடித்திருக்கிறது, நீ வெளிநாடு போன பிறகு அடித்தது, உனக்குத் தெரியாது. கொண்டையில் இருந்த ஸ்க்ரூ டிரைவரை உருவி அந்தத் தகரத்தில் டங்கென்று ஒரு தட்டு தட்டினாள். ஐஸ் ஃபேக்டரிப் பக்கத்தை முழுசா இரும்பால மூடி வச்சிருக்கீங்களே, யார் செஞ்ச வேலை இது என்றாள். நாங்கள் மூன்று பேரும் உன் அத்தானைப் பார்த்தோம். அவர் காதுவரை சிவந்துபோய்விட்டார்.

சின்னவனே, இந்த நாளுக்காக நான் நாலு வருஷம் காத்திருந்தேன் என்றே வைத்துக்கொள். என்னை ஒரு வார்த்தை கேட்காமல் என் பால்கனியை அடைத்தவர், என் வெளிச்சத்தை எடுத்தவர், என்ன கேட்கவேண்டும் எப்படிக் கேட்கவேண்டும் என்று மனசுக்குள் பாடம் பண்ணி வைத்திருந்தேன். வாயைத் திறந்தேன். அவர் தகரத்தில் கையை வைத்தபடி, மாமாவுக்குச் சாரல் அடிச்சுது, அதான் என்றார், அவ்வளவுதான் சொன்னார். அப்பாவின் கடைசி மழைக்காலம் அது. கட்டிலை நகர்த்த இடமில்லை, போர்வை நனைந்துகொண்டே இருந்தது. அவர் ஆபீஸிலிருந்து நேராக வந்து, கொட்டுகிற மழையில் தனியாளாக நின்று ஒரே சாயங்காலத்தில் அடித்தார், கட்டைவிரல் கிழிந்து நாலு தையல் போட்டார்கள். இது எனக்கு மறந்தா போயிருக்கும், எனக்கு எதுவும் மறக்காது, ஆனால் கோபத்தை எடுத்து மேலே வைத்தபோது இது அடியில் போய்விட்டது. மாப்பிள்ளை, ரெண்டு தகரத்த மட்டும் கழட்டுங்க, கட்டில் பக்கத்துல இருக்கறது அப்படியே இருக்கட்டும் என்றேன். நான் அவரிடம் நேராகப் பேசி நாலு வருஷம் ஆகிறது என்பது அவருக்கும் தெரியும். ஸ்பானரை எடுக்க ஓடினார் பார், வயது ஐம்பத்திரண்டு.

இரண்டு தகரம் இறங்கியதும் அறைக்குள் வெளிச்சம் வந்தது, டெய்லர் சாக்கட்டியோடு உட்கார்ந்து நூற்றுப் பதினேழை அடித்துவிட்டு எண்பத்து நாலு என்று எழுதினான். உன் அக்கா கைக்கடிகாரத்தைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டு, இப்பக் கூப்பிடு, ஸ்பீக்கர்ல போடு என்றாள். மீதி உனக்குத் தெரியும். ஆனால் நான் எடுத்த எடுப்பில், நீயும்தானேடா என்னைப் போகச் சொன்னே என்று ஏன் கேட்டேன் என்பது உனக்குத் தெரியாது. ஆறு வாரத்துக்கு முன் செவ்வாய்க்கிழமை காலை, பால் அடுப்பில் இருந்தது, நீ கூப்பிட்டாய். அக்கா சொல்வதைச் சொன்னேன். அம்மா, நீ அக்கா வீட்டுக்குப் போயிடு என்றாய். அதோடு போன் அறுந்துவிட்டது, பால் பொங்கி வழிந்தது, நான் அடுப்பை அணைக்கக்கூட இல்லை. இவனுமா என்று அப்படியே நின்றேன். ஞாயிற்றுக்கிழமை நான் அதைச் சொன்னதும் நீ கொஞ்ச நேரம் பேசவே இல்லை, மறுபடியும் அறுந்துவிட்டதோ என்று உன் அக்கா கடிகாரத்தைக் குலுக்கினாள். அப்புறம் நீ சொன்னாய், அம்மா, நீ அக்கா வீட்டுக்குப் போயிடுன்னு நான் சொல்ல மாட்டேன், இதாம்மா நான் சொன்னது, அன்னைக்கும் இதேதான் சொன்னேன் என்று. அந்தப் பேச்சின் வால் முழுவதும் எங்கோ வழியில் விழுந்துவிட்டது, எனக்குத் தலை மட்டும் வந்து சேர்ந்தது, ஆறு வாரம் நான் அந்தத் தலையை வைத்துக்கொண்டு மனசுக்குள் உன்னோடு சண்டை போட்டிருக்கிறேன்.

நாலு பேர் நடுவில் சொல்ல முடியாமல் போனது இதுதான் கண்ணு. இந்த ஆறு வாரத்தில் உன் போன் இரண்டு தடவை நன்றாகவே அடித்தது, ஒரு புதன்கிழமை, ஒரு சனிக்கிழமை. நான் டப்பாவைத் திறந்து உன் படம் தெரிவதைப் பார்த்தேன், அடித்து ஓயும்வரை பார்த்தேன், மூடிவைத்துவிட்டேன். அது சிக்னல் இல்லை, தகரம் இல்லை, நான்தான். சனிக்கிழமைதான் பேத்திக்குப் பல் விழுந்ததாம், பாட்டியிடம் சொல்லவேண்டும் என்று அவள்தான் கூப்பிடச் சொன்னாளாம், மருமகள் ஞாயிற்றுக்கிழமை சொன்னாள். அந்தக் குழந்தை பாட்டி என்று கூப்பிட்டபோது பல் விழுந்த சந்து வழியாகக் காற்றும் சேர்ந்து வந்தது, அது முழுசாகக் காதில் விழுந்தது. தப்பு என்மேல்தான். இதை எழுதியாகிவிட்டது, திருப்பி நீ அதைப்பற்றிப் பேசாதே.

பத்து நிமிஷம் ஆனபோது உன் அக்கா எழுந்து உள்ளே போனாள். பெட்டியின் பூட்டு திறக்கும் சத்தம் கேட்டது, பிறகு அலமாரி திறக்கும் சத்தம். நாம் பேசி முடித்தது இருபத்து மூன்றாவது நிமிஷம். போய்ப் பார்த்தால் என் துணிகளை எல்லாம் எடுத்து அடுக்கிக்கொண்டிருந்தாள், வரிசை தப்பாக, நான் பிறகு மாற்றி வைத்துக்கொண்டேன். எனக்குப் பயம்மா, வேற ஒண்ணுமில்ல என்றாள். தெரியும்டி என்றேன். தினமும் காலை ஏழு மணிக்கு அவளை நான் கூப்பிட்டு உயிரோடு இருக்கிறேன் என்று சொல்லவேண்டும், அது புது உத்தரவு. இன்றைக்கு நாலாவது நாள், நாலு நாளும் சண்டையில்தான் முடிந்தது, ஒரு தடவைகூட அறுந்துபோகவில்லை. குளியலறையில் கைப்பிடிக் கம்பி போட ஆள் சொல்லியிருக்கிறாள், அதற்கு நான் மறுப்பு சொல்லவில்லை.

உனக்கு ஒரு புத்தி சொல்கிறேன் கேள். இனிமேல் எவ்வளவு தூரத்தில் இருப்பவர்களிடம் பேசினாலும் ஆமாம் இல்லை என்பதை முதலில் சொல், கதையைப் பின்னால் சொல். நம் பேச்சில் முக்கியமானதைக் கடைசியில் வைத்திருக்கிறார்கள், அந்தக் காலத்தில் எல்லோரும் எதிரெதிரே உட்கார்ந்து பேசினார்கள், கடைசிவரை கேட்டார்கள். வேலை வேலை என்று வயிற்றைக் காயப்போடாதே. மருமகளின் முதுகுக்குக் கெட்டியான மெத்தை வாங்கு, மெத்தென்று இருப்பது ஆகாது. பேத்தியின் அடுத்த பல் ஆடுகிறதா என்று பார்த்து எழுது. மூன்று பேரும் நோய் நொடி இல்லாமல், ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துச் சிரித்துக்கொண்டு, நீண்ட காலம் நன்றாக இருக்கவேண்டும். ஞாயிற்றுக்கிழமை உன் நேரம் காலை எட்டு, பின்னறையில் கட்டிலின் தலைமாட்டில் உட்கார்ந்திருப்பேன், மறந்துவிடாதே.

இப்படிக்கு,
சொந்த வீட்டில் இருக்கும் உன் அம்மா.

இதையும் எழுதாவிட்டால் தூக்கம் வராது. அந்த ஆறு வாரத்தில் நீ மொத்தம் இருபத்தொரு தடவை கூப்பிட்டதாகச் சொன்னாய், அடித்தது இரண்டு, மீதிப் பத்தொன்பது தடவையும் ஒரு பெண் குரல் எடுத்து, நீங்கள் அழைக்கும் நபர் தொடர்பு எல்லைக்கு வெளியே இருக்கிறார் என்று சொன்னதாம். அது மெஷின் என்கிறாள் உன் அக்கா. மெஷினுக்கு ஏது வாய், ஒருத்தி உட்கார்ந்து பேசிக் கொடுக்காமலா வந்தது. நான் எங்கே வெளியே போனேன், சமையலறையில்தான் இருந்தேன், பெற்ற பிள்ளையிடம் அவன் அம்மா எல்லைக்கு வெளியே என்று சொல்ல அவள் யார். டெய்லரை மன்னித்தாயிற்று, மாப்பிள்ளையை மன்னித்தாயிற்று, உன் அக்காவிடம் எனக்குக் கோபமே இல்லை. மன்னிக்கவே மாட்டேன் என்று நான் வைத்திருப்பது ஒரே ஒருத்தியைத்தான், அந்தக் குரல்காரியை.